பாம்புக் கல்லும் நாக்குக் கல்லும்

அறிவியலும் சமயமும் என்று பேச்செடுத்த உடனேயே நம் நினைவில் வந்து நிற்பவர் கலிலேயோ. 1633-ஆம் ஆண்டு உரோமையில் அவர்மீது நடந்த வழக்கு, திருச்சபை வரலாற்றில் மாறாத வடுவாகப் பதிந்துவிட்டது. 1992-ஆம் ஆண்டு அக்டோபர் 31-ஆம் நாள் திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுல், அவ்வழக்கில் நேர்ந்த தவற்றை உலகறிய ஏற்றுக்கொண்டார். அது நேர்மையான செயல். ஆயினும் அந்த ஒரு வழக்கையே முழு வரலாறாகக் கொண்டு, அறிவியல் ஒரு கரையிலும் விசுவாசம் மறு கரையிலும் நின்று ஒன்றையொன்று முறைத்துக்கொண்டிருந்தன என்று நாம் எண்ணிவிடுவோமானால், அது பாதி உண்மையே ஆகும்.

கலிலேயோவுக்குப் பின்வந்த ஐம்பது ஆண்டுகளில், அதே இத்தாலி நாட்டில், இரு கரைகளுக்கும் இடையே ஓயாது நடமாடிய வியப்புக்குரிய மனிதர்கள் சிலர் வாழ்ந்தனர். அவர்களுள் இருவரை இங்கே நினைவுகூர விரும்புகிறோம். இருவரும் குருக்கள்; இருவரும் தம் காலத்தவரால் விசித்திரப் பிறவிகள் எனக் கருதப்பட்டவர்கள். ஒருவர், கேட்ட கேள்வி எதுவாயினும் விடை சொல்லாமல் விட்டதில்லை. மற்றவர், ஐரோப்பாவின் அறிஞர் கூடியிருந்த அவையிலே எழுந்து நின்று, "எனக்குத் தெரியாது" என்று தொடங்கியவர். இவ்விருவருள் எவருடைய வழி விசுவாசத்திற்கு நெருக்கமானது? இவ்வினா பழங்கதை பற்றியது மட்டுமன்று. நம் இல்லங்களையும் மறைக்கல்வி வகுப்புகளையும் இன்றும் தொடும் வினா.

எல்லாம் அறிந்தவர்

முதலாமவர் அத்தனாசியுஸ் கிர்ச்சர். ஜெர்மனியில் கைசா என்னும் சிற்றூரில் பிறந்தவர். இயேசு சபைத் துறவி. முப்பது ஆண்டுப் போர் அவரை ஊர் ஊராகத் துரத்திற்று. இறுதியில் உரோமைக் கல்லூரியில் வந்து சேர்ந்து, 1680-ஆம் ஆண்டு இறக்கும்வரை பெரும்பாலும் அங்கேயே வாழ்ந்தார்.

அவர் எழுதிய நூல்கள் ஏறத்தாழ நாற்பது. காந்தம், ஒளி, இசை, எகிப்தியர் எழுத்து, சீன நாடு, நிலத்தின் ஆழம், கொள்ளைநோய், நோவாவின் பேழை, பாபேல் கோபுரம் என்று அவர் தொடாத பொருள் இல்லை. 1638-இல் வெசூவியுஸ் எரிமலையின் வாய்க்குள் கயிற்றில் தம்மை இறக்கச் செய்து, உள்ளே கொதிப்பது யாது என்று நேரில் கண்டு வந்தார். உரோமையில் அவர் அமைத்த அருங்காட்சியகத்தில் பேசும் சிலைகளும், காந்தத்தால் இயங்கும் கடிகாரங்களும், தொலைநாடுகளிலிருந்து மறைப்பணியாளர் அனுப்பிய அரும்பொருள்களும் நிறைந்திருந்தன. ஐரோப்பாவின் அரச குடும்பத்தினர் உரோமைக்கு வந்தால் அதைக் காணாமல் திரும்புவதில்லை.

அவருடைய கற்பனைக்கு எல்லை இல்லை. பாபேல் கோபுரம் சந்திரனை எட்டும் அளவுக்கு உயர்ந்திருக்குமானால் அதன் பாரத்தால் பூமியே நிலை பெயர்ந்திருக்கும் என்று கணக்கிட்டுக் காட்டினார். நோவாவின் பேழையில் எந்த விலங்குக்கு எந்த அறை என்று வரைபடம் தீட்டினார். ஒட்டகச்சிவிங்கிக்கு அவர் அதில் இடம் தரவில்லை. அது ஒட்டகமும் சிறுத்தையும் கூடிப் பிற்காலத்தில் பிறந்த கலப்பினம் என்பது அவர் எண்ணம். எகிப்தியரின் பட எழுத்துகளைத் தாம் படித்துவிட்டதாக நம்பினார். உரோமையின் நவோனா சதுக்கத்தில் நான்கு நதிகளின் நீரூற்றுக்கு மேல் நிற்கும் கற்றூணின் எழுத்துகளுக்கு 1650-இல் பெரியதொரு நூலே எழுதிப் பொருள் கூறினார். அப்பொருளில் உண்மை ஏதும் இல்லை என்பது, 1822-இல் பிரான்சு நாட்டறிஞர் சம்போலியோன் அவ்வெழுத்தின் பூட்டைத் திறந்தபோது தெளிவாயிற்று.

இவற்றையெல்லாம் கேட்டு நாம் நகைத்துவிடலாம். ஆனால் கிர்ச்சரை நகைப்புக்கு மட்டும் உரியவராகக் கருதுவது நன்றிகெட்ட செயல். எகிப்தியக் கிறிஸ்தவர் வழிபாட்டில் வழங்கும் கோப்து மொழி, பண்டைய எகிப்திய மொழியின் வழித்தோன்றலே என்று அவர் சரியாகக் கண்டார். அம்மொழியைக் கற்க ஐரோப்பியருக்கு நூல் செய்து தந்தார். சம்போலியோன் கண்டுபிடிப்புக்குக் கோப்து மொழியறிவே திறவுகோலாக அமைந்தது. 1656-இல் உரோமையைக் கொள்ளைநோய் தாக்கியபோது, நோயாளரின் குருதியை நுண்ணோக்கியின் கீழ் வைத்து ஆராய்ந்தார். கண்ணுக்குத் தெரியாத சிற்றுயிர்களே நோயைப் பரப்புகின்றன என்று 1658-இல் எழுதினார். அவர் தம் கருவியில் கண்டவை கொள்ளைநோய்க் கிருமிகளாக இருந்திருக்க முடியாது. அக்கிருமியைக் காணும் திறன் அக்கருவிக்கு இல்லை. 1894-இல் ஹாங்காங்கில்தான் அது அடையாளம் காணப்பட்டது. எனினும் அவர் நினைத்த திசை சரியான திசையே.

அவ்வாறாயின் கிர்ச்சரின் குறை யாது? அறியாமை அன்று, அறிவு குறைவும் அன்று. வினாவுக்கும் விடைக்கும் நடுவே காத்திருக்க அவரால் இயலவில்லை. வெற்றிடம் எங்கே கண்டாலும் அங்கே ஒரு விளக்கத்தை வைத்து நிரப்பிவிடுவார். இதை நமக்கு நன்கு உணர்த்துவது, நம் நாட்டிலிருந்து அவர் கைக்குச் சென்ற ஒரு கல்லின் கதை.

இந்தியாவிலிருந்து சென்ற கல்

பாம்புக் கல் என்பதை நம் மக்கள் அறிவர். கடிவாயில் வைத்தால் ஒட்டிக்கொண்டு நஞ்சை உறிஞ்சிவிடும் என்றும், பின்பு பாலில் இட்டால் நஞ்சைக் கக்கிவிடும் என்றும் சொல்லப்படும் கறுப்புக் கல் அது. பதினேழாம் நூற்றாண்டில் இந்தியாவிலிருந்து திரும்பிய பயணிகளும் துறவியரும் இக்கல்லை ஐரோப்பாவுக்குக் கொண்டு சென்றனர். கிர்ச்சரின் கையிலும் ஒன்று கிடைத்தது. விரியன் கடித்த நாய் ஒன்றின் காயத்தில் அதை வைத்துப் பார்த்தார், நாய் பிழைத்துக்கொண்டது. அவருக்கு அது போதுமானதாக இருந்தது. 1667-இல் வெளிவந்த, சீன நாடு பற்றிய தம் நூலில் பாம்புக் கல்லின் ஆற்றலை உறுதியாக எழுதினார்.

அதே காலத்தில் புளோரன்ஸ் நகரில் தோஸ்கானா நாட்டு மெதிச்சி அரசவையின் மருத்துவராக இருந்தவர் பிரான்செஸ்கோ ரேதி. அந்த அரசவைக்கும் பாம்புக் கற்கள் வந்திருந்தன. ரேதி விரியன் நஞ்சைக் குறித்து முன்னரே ஆழ்ந்து ஆராய்ந்தவர். கல்லை ஒருமுறை வைத்துப் பார்த்து விட்டுவிடாமல், கோழிகளையும் பிற உயிர்களையும் கொண்டு மீண்டும் மீண்டும் சோதித்தார். கல் பயன் தரவில்லை. பாம்பு ஒவ்வொரு கடியிலும் கொல்லும் அளவுக்கு நஞ்சைச் செலுத்துவதில்லை. ஆகவே கடிபட்ட உயிர் ஒன்று பிழைத்தது என்பதால் கல் பிழைப்பித்தது என்று ஆகிவிடாது. ரேதி தம் முடிவுகளை 1671-இல் நூலாக வெளியிட்டார். அந்நூல் ஒரு மடல் வடிவில் அமைந்தது. மடல் யாருக்கு? கிர்ச்சர் அடிகளாருக்கே. கடுஞ்சொல் கூறிப் பகையை வளர்க்காமல், மூத்தவருக்குரிய மதிப்பைத் தந்து, உண்மையை மட்டும் அவர்முன் வைத்தார்.

இக்கதையில் சமயத்தின் எதிரி என்று யாரும் இல்லை என்பதை நாம் கவனிக்க வேண்டும். கிர்ச்சரும் கிறிஸ்தவர், ரேதியும் கிறிஸ்தவர். ஒருவர் வியப்பிலே நின்றுவிட்டார். மற்றவர் வியப்பைச் சோதித்தார்.

தெரியாது என்று தொடங்கியவர்

நாம் நினைவுகூரும் இரண்டாமவர் அதே புளோரன்ஸ் அரசவைக்கு 1666-இல் வந்து சேர்ந்தார். பெயர் நீல்ஸ் ஸ்டென்சன். நூல்களில் ஸ்டேனோ என்னும் இலத்தீன் வடிவம் மிகுதியாக வழங்குகிறது. 1638-இல் டென்மார்க் நாட்டுக் கோபன்ஹேகன் நகரில் பொற்கொல்லர் ஒருவரின் மகனாக லூத்தரன் குடும்பத்தில் பிறந்தார். சிறு வயதில் நீண்ட நோயில் கிடந்தமையால், ஓடியாட வேண்டிய பருவத்தில் பெரியோர் பேச்சைக் கேட்டே வளர்ந்தார்.

மருத்துவம் கற்க ஹாலந்துக்குச் சென்ற ஸ்டென்சன், 1660-இல் ஆம்ஸ்டர்டாமில் ஓர் ஆட்டுத் தலையை அறுத்து ஆராய்ந்துகொண்டிருந்தார். அப்போது, காதருகே உள்ள சுரப்பியிலிருந்து வாய்க்கு உமிழ்நீரைக் கொண்டு வரும் குழாய் ஒன்று அவர் கண்ணில் பட்டது. அன்று அவருக்கு வயது இருபத்திரண்டு. இன்றும் மருத்துவ மாணவர்கள் அக்குழாயை அவர் பெயராலேயே படிக்கின்றனர். அவருக்குக் கற்பித்த பேராசிரியரோ அதைத் தம் கண்டுபிடிப்பு என்று உரிமை கொண்டாடினார். இளைஞர் ஸ்டென்சன் அதனால் மனம் புண்பட்டார். ஆனால் ஆய்வை விடவில்லை.

அந்நாளில் ஐரோப்பிய இளைஞரின் உள்ளங்களை ஆண்டவர் தத்துவ அறிஞர் டேக்கார்ட். இதயம் வெப்பம் மிக்க உலைபோன்றது. அவ்வெப்பத்தால் குருதி விரிந்து உடலெங்கும் ஓடுகிறது என்பது டேக்கார்ட்டின் கொள்கை. ஸ்டென்சனும் அவருடைய முறையை மிகவும் போற்றியவரே. ஆனால் மாட்டின் இதயத்தை எடுத்து, அதன் இழைகளைப் பிரித்துப் பார்த்தபோது, அங்கே உலையும் இல்லை, தனிச்சிறப்பான பொருளும் இல்லை. தொடையிலும் கையிலும் உள்ள தசை எதுவோ அதுவே இதயத்திலும் இருந்தது. 1664-இல் அவர் அதை எழுதி வெளியிட்டார். இதயம் ஒரு தசை என்பது இன்று பள்ளிப் பிள்ளைகளும் அறிந்த செய்தி. அன்று பலருக்கு அதிர்ச்சி.

இக்கண்டுபிடிப்பு ஸ்டென்சனின் ஆன்மாவிலும் ஒரு கீறலை உண்டாக்கிற்று. லைடன் நகரில் படித்த நாள்களில் ஸ்பினோசாவுடன் அவருக்குப் பழக்கம் இருந்தது. கடவுளையும் ஆன்மாவையும் கணிதம்போல் ஐயமற விளக்கிவிடலாம் என்று நம்பிய அறிஞரின் சூழலில், அவருடைய விசுவாசம் ஆட்டங்கண்டிருந்தது. இதயத்தை அறுத்துப் பார்த்த பின்போ, அவர் உள்ளத்தில் வேறொரு கேள்வி எழுந்தது. கையால் தொட்டு, கத்தியால் பிரித்துக் காணக்கூடிய ஒரு தசையைப் பற்றியே இப்பேரறிஞர்கள் இவ்வளவு உறுதியோடு தவறாகச் சொல்லியிருக்கிறார்களே; அவ்வாறாயின் எவரும் கண்டிராத ஆன்மாவைப் பற்றியும் இறைவனைப் பற்றியும் இவர்கள் காட்டும் உறுதியை நான் எங்ஙனம் நம்புவது? 1677-இல் தத்துவ அறிஞர் லைப்னிட்சுக்கு எழுதிய மடல் ஒன்றில் இந்த அனுபவத்தை அவர் நினைவுகூர்ந்தார். அறிவியல் கற்றமையால் விசுவாசத்தை இழந்தோர் கதைகளை நாம் கேட்டிருக்கிறோம். இங்கேயோ ஆய்வாளரின் கத்தியே ஒருவருடைய விசுவாசத்தை இழப்பிலிருந்து காத்தது.

1665-இல் பாரிஸ் மாநகரில் அறிஞர் அவை ஒன்றில் மூளையைப் பற்றி உரையாற்ற அவர் அழைக்கப்பட்டார். மூளையின் நடுவே உள்ள சிறு சுரப்பியே ஆன்மாவின் இருக்கை. அது அசைந்து அசைந்து உடலை இயக்குகிறது என்று டேக்கார்ட் எழுதியிருந்தார். ஸ்டென்சன் தம் உரையைத் தொடங்கியபோதே, மூளையைப் பற்றித் தமக்கு ஒன்றும் தெரியாது என்பதை அவையோர் அறிய ஒப்புக்கொண்டார். அதன்பின், அச்சுரப்பி டேக்கார்ட் சொன்னபடி அசையக்கூடிய நிலையில் இல்லை என்பதை உடற்கூற்றின் வழியே எடுத்துக் காட்டினார். மூளையை எவ்வாறு அறுத்தால் அதன் இழைகள் செல்லும் வழியைக் காணலாம் என்றும் விளக்கினார். அறியாமையை ஒப்புக்கொண்டவரே அறிவுக்கு வழியும் காட்டினார்.

சுறாவின் வாயில் கிடைத்த விடை

1666 அக்டோபரில் லிவோர்னோ துறைமுகத்தின் அருகே மீனவர் பெருஞ்சுறா ஒன்றைப் பிடித்தனர். தோஸ்கானாவின் பெருங்கோமகன் இரண்டாம் பெர்தினாண்டோ, அதன் தலையை ஸ்டென்சனிடம் அனுப்பச் செய்தார். அதன் பற்களைக் கண்டதும் அவர் நினைவுக்கு வந்தது நாக்குக் கல்.

நாக்குக் கல்லின் கதை நம் திருமறையோடு தொடர்புடையது. மால்டா தீவின் பாறைகளிலிருந்து முக்கோண வடிவக் கற்கள் ஏராளமாகக் கிடைத்தன. திருத்தூதர் பணிகள் நூலின் 28-ஆம் அதிகாரத்தில், கப்பல் உடைந்து மால்டாவில் கரையேறிய புனித பவுலின் கையை விரியன் பற்றிக்கொண்ட செய்தியை வாசிக்கிறோம். அவர் அதை நெருப்பில் உதறிவிட்டார். அவருக்கு ஒரு தீங்கும் நேரவில்லை. திருமறை சொல்வது இவ்வளவே. பிற்காலத்தார் இதனோடு ஒரு கதையைச் சேர்த்தனர். பவுல் அத்தீவின் பாம்புகளைச் சபித்தார். அவற்றின் நாக்குகளே கல்லாயின என்றனர். நஞ்சை முறிக்கும் என்று அக்கற்களை அணிகளில் பதித்தனர், பானங்களில் தோய்த்தனர். பாம்புக் கல் இந்தியாவிலிருந்து சென்றது. நாக்குக் கல் மால்டாவிலிருந்து சென்றது. இரண்டின் வாணிகமும் மனிதரின் அச்சத்தையும் நம்பிக்கையையும் முதலாகக் கொண்டே நடந்தது.

கற்றோரிடமும் வேறு விளக்கங்கள் இருந்தன. நிலத்திற்குள் ஏதோ ஓர் உருவாக்கும் ஆற்றல் உண்டு; அது விளையாட்டாகச் சிப்பி போலவும் பல் போலவும் கல்லை வனைகிறது என்றனர் பலர். நிலத்தின் ஆழம் குறித்து 1665-இல் வெளியிட்ட பெருநூலில், வடிவமுள்ள கற்கள் பலவற்றுக்குக் கிர்ச்சரும் அவ்வகை ஆற்றலையே காரணமாகக் கூறினார்.

ஸ்டென்சன் சுறாவின் பல்லையும் நாக்குக் கல்லையும் அருகருகே வைத்தார். இரண்டும் ஒன்றே. இதை முதலில் சொன்னவர் அவர் அல்லர். பாபியோ கொலோன்னா என்னும் இத்தாலியர் 1616-இலேயே எழுதியிருந்தார். ஸ்டென்சனின் சிறப்பு, அடுத்த கேள்வியைக் கேட்டதில் இருக்கிறது. கடலில் வாழ்ந்த மீனின் பல், மலையிலுள்ள பாறைக்குள் எவ்வாறு சென்றது? பாறைக்குள்ளேயே அது வளர்ந்திருந்தால், சுவரைப் பிளக்கும் மரவேர்போல் சுற்றியிருக்கும் கல்லைப் பிளந்திருக்க வேண்டும். அல்லது தானே நெரிந்து கோணியிருக்க வேண்டும். இரண்டும் நேரவில்லை. ஆகவே பல் முன்னரே கெட்டியாக இருந்தது. அதைச் சூழ்ந்தது அன்று இளகிய சேறு. சேறு நீரிலிருந்து படிந்தது; பின்பு இறுகிப் பாறையாயிற்று.

1669-இல் புளோரன்சில் அச்சான சிறு நூல் ஒன்றில் இச்சிந்தனையை அவர் மேலும் விரித்தார். திண்பொருள் ஒன்றுக்குள் மற்றொரு திண்பொருள் இருக்குமானால், எது மற்றதன்மேல் தன் வடிவத்தைப் பதித்திருக்கிறதோ அதுவே முன்னர் இறுகியது. படிவுப் பாறைகளின் அடுக்குகளில் கீழ் அடுக்கு முன்னது. மேல் அடுக்கு பின்னது. அடுக்குகள் முதலில் கிடையாகவே படிந்தன. சாய்ந்தும் முறிந்தும் நிற்பவை பின்னர் நிலைகுலைந்தவை. கேட்டால் எளிமையாகத் தோன்றும் இவ்விதிகளின்மேல்தான் நிலவியல் என்னும் துறை எழுந்து நிற்கிறது. ஏடுகளில் மட்டுமே தேடப்பட்ட பூமியின் வரலாற்றைப் பூமியிடமே கேட்டு அறியலாம் என்பதற்கு அவர் வழி திறந்தார்.

அச்சிடும் முன் அந்நூலைத் திருச்சபையின் சார்பில் ஆய்ந்து ஒப்புதல் தந்தவர் இருவர். ஒருவர் கலிலேயோவின் கடைசி மாணவர் விவியானி. மற்றவர் பாம்புக் கல்லைச் சோதித்த ரேதி. கலிலேயோவின் வழக்கு நடந்து முப்பத்தைந்து ஆண்டுகளே சென்றிருந்தன என்பதை இங்கே நினைத்துப் பார்ப்பது தகும்.

ஸ்டென்சனும் தவறாதவர் அல்லர். அரெஸ்ஸோ நகரின் அருகே கிடைத்த பெரிய எலும்புகளைப் பண்டைய படைத்தலைவர் ஹனிபால் கொண்டுவந்த யானைகளின் எலும்புகள் என்று கருதினார்; உண்மையில் அவை அதைக் காட்டிலும் மிக மிகப் பழமையானவை. பூமியின் வயது ஏறத்தாழ 454 கோடி ஆண்டுகள் என்று நாம் இன்று அறிகிறோம். அவரோ தொடக்கநூலின் வெள்ளத்தையும் அக்காலத்தார் கொண்டிருந்த குறுகிய ஆண்டுக் கணக்கையும் ஏற்றே எழுதினார். ஆனால் தாம் உறுதியாகக் கண்டது எது, ஊகித்தது எது என்பதைப் பிரித்துக் காட்டும் பழக்கம் அவரிடம் இருந்தது. அதனால்தான் அவருடைய தவறுகள் உதிர்ந்த பின்னும் அவருடைய விதிகள் நிலைத்தன.

நற்கருணைப் பவனியும் ஆயரின் மோதிரமும்

அவருடைய அகப்பயணமும் இந்த ஆய்வுகளுக்கு நடுவிலேயே நடந்தது. 1666-இல் கிறிஸ்துவின் திருவுடல் பெருவிழாவன்று லிவோர்னோ தெருக்களில் நற்கருணைப் பவனி செல்வதை அவர் கண்டார். ஒன்று, இது வெறும் அப்பம். இவர்கள் அனைவரும் பேதைகள். அன்றேல், இது மெய்யாகவே ஆண்டவரின் உடல். அப்படியானால் நான் ஏன் வணங்காமல் நிற்கிறேன்? இக்கேள்வி அவரை விடவில்லை. ஓராண்டுக்கு மேல் திருச்சபைத் தந்தையரின் நூல்களை மூலமொழியில் கற்றார். புளோரன்ஸ் மடமொன்றின் மருந்தகத்தில் பணியாற்றிய அருள்சகோதரி மரியா பிளாவியா, மருந்து வாங்க வந்த இந்த அறிஞரிடம் விசுவாசத்தைப் பற்றி எளிமையாகப் பேசி வந்தார். 1667 நவம்பர் 2-ஆம் நாள், இறந்தோர் அனைவரின் நினைவு நாளன்று, கத்தோலிக்கத் திருச்சபையில் இணைவதென்று ஸ்டென்சன் முடிவு செய்தார்.

1672-இல் தாய்நாட்டு மன்னரின் அழைப்பை ஏற்றுக் கோபன்ஹேகன் சென்றார். அங்கே 1673-இல் நிகழ்த்திய உடற்கூற்று உரையில், கண்ணால் காண்பதன் அழகுக்கு மேலாக அறிவால் அறிவதன் அழகையும், அதற்கும் மேலாக நாம் இன்னும் அறியாதவற்றின் அழகையும் வைத்துப் பேசினார். அறியாதது அவருக்கு அச்சம் தரவில்லை; வணங்கத் தூண்டிற்று.

1675-இல் குருவானார், 1677-இல் ஆயரானார். வடஜெர்மனியிலும் அதைச் சூழ்ந்த நாடுகளிலும் சிதறிக் கிடந்த சிறு கத்தோலிக்கக் குழுக்களைக் கண்காணிக்கும் பொறுப்பு அவரிடம் தரப்பட்டது. ஏழைகளுக்கு உதவுவதற்காக ஆயருக்குரிய மோதிரத்தையும் சிலுவையையும் விற்றார். 1683-இல் மூன்ஸ்டர் மறைமாவட்டத்தில் புதிய ஆயரைத் தேர்ந்த முறையில் பணம் புகுந்ததாகக் கண்டு, அதை எதிர்த்துப் பதவியை விட்டு வெளியேறினார். 1686-இல் ஷ்வேரின் நகரில், கடுந்தவத்தாலும் நோயாலும் நலிந்து, நாற்பத்தெட்டாம் வயதில் உயிர்நீத்தார். அவருடைய உடல் புளோரன்சுக்குக் கொண்டுவரப்பட்டுப் புனித லாரன்ஸ் பேராலயத்தில் அடக்கம் செய்யப்பட்டது.

இங்கே ஒரு கேள்வியை நாம் மறைக்கலாகாது. 1669-இல் வெளிவந்த சிறு நூல் ஒரு பெருநூலுக்கு முன்னுரையாக எழுதப்பட்டது. அப்பெருநூல் எழுதப்படவே இல்லை. தலைசிறந்த இயற்கை அறிஞர் ஒருவர் நடுத்தரமான இறையியலார் ஆகிவிட்டாரே என்று, ஹனோவரில் அவரை அறிந்து பழகிய லைப்னிட்ஸ் பிற்காலத்தில் வருந்தி எழுதினார். இக்குறை பொய்யன்று. ஸ்டென்சனின் இறையியல் நூல்கள் இன்று பெரிதும் வாசிக்கப்படுவதில்லை. அறிவுலகம் அடைந்த இழப்பு இழப்பேதான்.

ஆயினும் அவர் வாழ்க்கை இரண்டாக முறிந்துபோயிற்று என்று நம்மால் சொல்ல இயலவில்லை. பேரறிஞர் சொன்னார் என்பதற்காக இதயத்தை உலை என்று சொல்ல மறுத்த அதே மனிதர்தான், பெரியோர் செய்தனர் என்பதற்காகப் பணம் புகுந்த தேர்தலைத் தூயது என்று சொல்ல மறுத்தார். கத்தியைப் பிடித்த காலத்திலும் செங்கோலைப் பிடித்த காலத்திலும், இல்லாததை உண்டு என்று சொல்ல அவர் நாவு இசையவில்லை. உண்மைக்கு முன் அவர் கொண்ட தாழ்ச்சி ஒன்றே. அது முதலில் ஆய்வுக்கூடத்திலும் பின்பு பீடத்திலும் வெளிப்பட்டது.

நமக்கு உரியது

1988-ஆம் ஆண்டு அக்டோபர் 23-ஆம் நாள் திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுல், நீல்ஸ் ஸ்டென்சனை முத்திப்பேறு பெற்றவராக அறிவித்தார். அதே ஆண்டு ஜூன் முதல் நாள், வத்திக்கான் வானியல் ஆய்வகத்தின் இயக்குநர் ஜார்ஜ் காயின் அடிகளாருக்கு எழுதிய மடலில், அறிவியலும் சமயமும் ஒன்றையொன்று தூய்மைப்படுத்த வல்லவை என்னும் கருத்தை அவர் விளக்கியிருந்தார். சமயத்தில் படியும் மூடநம்பிக்கையை அறிவியல் துடைக்கும். தன்னையே முழுமுதலாகக் கருதும் மயக்கத்திலிருந்து அறிவியலைச் சமயம் காக்கும் என்பது அதன் சாரம். இம்மடலுக்கு ஓர் உரை வேண்டுமாயின், நாம் ஸ்டென்சனின் வாழ்க்கையைப் படிக்கலாம்.

கிர்ச்சரை இறைவன் புறந்தள்ளியிருப்பார் என்றும் நாம் எண்ண வேண்டியதில்லை. அவர் தம் கையால் புதுப்பித்த மெந்தொரெல்லா மாதா திருத்தலத்திலே அவருடைய இதயம் அடக்கம் செய்யப்பட்டிருக்கிறது. படைப்பின்மேல் அவர் கொண்ட காதல் மெய்யானது. ஆனால் அவர் வழியில் ஓர் ஆபத்து உண்டு. விசுவாசத்திற்குத் துணை செய்வதாக எண்ணி, சோதித்தறியாத சான்றுகளை நாம் அடுக்கத் தொடங்கினால், அச்சான்றுகள் சரியும் நாளில் அவற்றின்மேல் சாய்ந்திருந்த விசுவாசமும் சேர்ந்து சரியும். புனித பவுலைப் பாதுகாக்க நாக்குக் கல் தேவைப்படவில்லை. அக்கல் சுறாவின் பல் என்று அறிந்தபின் திருத்தூதர் பணிகள் நூலில் ஓர் எழுத்தும் குறையவில்லை. குறைந்தது பிற்காலத்தார் சேர்த்த கதை மட்டுமே.

பாம்பு கடித்தவரைக் கல்லிடம் கொண்டு செல்வதா, நச்சுமுறி மருந்து உள்ள மருத்துவமனைக்குக் கொண்டு செல்வதா என்பது நம் சிற்றூர்களில் உயிரைப் பற்றிய கேள்வி. கல்லை நாடிக் கழிந்த மணித்துளிகள் எவருக்கும் திரும்பி வருவதில்லை. இங்கே ரேதியின் சோதனை வெறும் அறிவுப் பொழுதுபோக்கன்று. அது பிறரன்புச் செயல்.

அவ்வாறே நம் பிள்ளைகள் பள்ளியில் பூமியின் வயதைக் கற்று வந்து, தொடக்கநூலைத் திறந்து வைத்துக்கொண்டு நம்மிடம் கேட்கும்போது, நாம் என் செய்கிறோம்? சிலர் அதட்டி வாயடைக்கிறோம். சிலர் எங்கோ கேட்ட, அரைகுறையான ஒரு விளக்கத்தை அவசரமாக எடுத்து நீட்டுகிறோம். "எனக்குத் தெரியாது, வா, அறிந்தவரிடம் கேட்போம், சேர்ந்து தேடுவோம்" என்று சொல்லத் தயங்குகிறோம், அப்படிச் சொல்வது விசுவாசக் குறைவாகிவிடுமோ என்று அஞ்சுகிறோம். பாரிஸ் அவையில் அந்தச் சொல்லைச் சொன்னவரைத் திருச்சபை பீடத்தில் ஏற்றியிருக்கிறது. ஆகவே நாம் அஞ்ச வேண்டியதில்லை. உண்மை எங்கிருந்து வந்தாலும் அது ஒரே ஊற்றிலிருந்தே வருகிறது என்று நம்புகிறவர்கள் நாம். அந்த ஊற்றை நோக்கி நடப்பவர்க்கு, தெரியாத வழியில் பொறுமையோடு விசாரித்துச் செல்வதும் செபத்தின் ஒரு பகுதியே.